பூர்வீகம் அறுந்தவர்களின் புலம்பெயர்வு: டியான் பிராண்டின் எழுத்தைப் புரிந்துகொள்ள

2024 ஜூலை இறுதியில் சிகாகோவில் கறுப்பினப் பத்திரிகையாளர் சங்கத்தின் மாநாட்டில் பேசிய டொனால்ட் டிரம்ப், கமலா ஹாரிஸ் முன்பு இந்திய வம்சாவளியை மட்டுமே முன்னிறுத்தி வந்ததாகவும், பிறகு திடீரெனக் கறுப்பினத்தவராக மாறிவிட்டதாகவும் சொன்னார். தாய் சென்னையைச் சேர்ந்தவர், தாய்வழித் தாத்தாவின் ஊர் துளசேந்திரபுரம், தந்தை ஜமைக்காவில் பிறந்தவர் என்பவற்றைத் தமிழ் வாசகர்கள் அறிந்திருந்தார்கள். ஆனாலும் அந்தப் பேச்சு எழுப்பிய கேள்விகளுக்கு விடை எளிதாகக் கிடைக்கவில்லை. ஜமைக்கா ஆப்பிரிக்காவில் இல்லாதபோது தந்தை எப்படி ஆப்பிரிக்க வழியினர் ஆகிறார்? ஒருவர் இந்தியராகவும் கறுப்பினத்தவராகவும் ஒரே நேரத்தில் இருக்க முடியுமா? கறுப்பு என்பது நிறமா, இனமா, நாடா?

இந்தக் கேள்விகளை ஒரு தேர்தல் பேச்சின் அளவில் வைத்துப் பேசினால் எங்கும் போய்ச் சேர முடியாது. கவிதை, நாவல், கட்டுரை, வாய்மொழி வரலாறு, ஆவணப்படம் என எல்லா வடிவங்களிலும் சுமார் ஐம்பது ஆண்டுகளாக இவற்றை ஆராய்ந்துவரும் டியான் பிராண்டின் எழுத்து, இதற்கு மிகப் பொருத்தமான நுழைவாயில். 1953இல் கரீபியக் கடலில் உள்ள டிரினிடாட் தீவின் தென்கிழக்கு முனையில் உள்ள குவாயகுவாயாரே என்ற ஊரில் பிறந்து, 1970இல் கனடாவின் டொரொன்டோவுக்கு வந்தவர் அவர். அவருடைய எழுத்தைப் பின்தொடர, அதற்கு முன்னால் நடந்த சிலவற்றைத் தெரிந்துகொள்ள வேண்டும்.

கறுப்பு என்ற அடையாளம் எப்படி உண்டானது

பதினாறாம் நூற்றாண்டு முதல் பத்தொன்பதாம் நூற்றாண்டு வரை, ஆப்பிரிக்காவிலிருந்து ஏறத்தாழ 1.25 கோடிப் பேர் அடிமைகளாகக் கப்பலேற்றப்பட்டு அட்லாண்டிக் கடலுக்கு அப்பால் கொண்டுசெல்லப்பட்டார்கள். உயிரோடு கரை சேர்ந்தவர்கள் சுமார் 1.07 கோடி. ஏறியவர்கள் தம்மைக் கறுப்பர்கள் என்றோ ஆப்பிரிக்கர்கள் என்றோ கருதியவர்கள் அல்லர். அவர்கள் யொருபா, இக்போ, அசாந்தே, மாண்டிங்கா போன்ற வெவ்வேறு மக்கள். மொழியும் வழிபாடும் வேறு, அவர்களுக்குள் பகையும் இருந்தது. தோட்டங்களில் அவர்கள் கலந்து விற்கப்பட்டார்கள், வேறு பெயர்கள் இடப்பட்டார்கள், தாய்மொழியை இழந்தார்கள். பிடித்துச் சென்றவர்களின் சட்டங்களும் கணக்குப் புத்தகங்களும் அவர்கள் எல்லோரையும் ஒரே வகையாக்கின.

கறுப்பு என்ற அடையாளத்தின் முதல் அடுக்கு இது, மேலிருந்து சுமத்தப்பட்டது. இரண்டாவது அடுக்கை அந்த மக்களே கட்டினார்கள். ஒரே துன்பத்துக்கு உட்பட்டவர்கள் என்ற உண்மையிலிருந்து புதிய இசை, புதிய மொழி, புதிய அரசியல் பிறந்தன. இந்த இரண்டாவது அடுக்கு எல்லா இடங்களிலும் ஒரே காலத்தில் உருவாகவும் இல்லை. 1932இல் ஜமைக்காவில் பிறந்து பிரிட்டனில் வாழ்ந்த பண்பாட்டு ஆய்வாளர் ஸ்டூவர்ட் ஹால், தம் சிறுவயதில் ஜமைக்கர்கள் தம்மைக் கறுப்பர்கள் என்று அழைத்துக்கொள்ளவில்லை என்றும், 1970களில்தான் அந்த அடையாளத்தைத் தமதாக்கிக்கொண்டார்கள் என்றும் எழுதியிருக்கிறார். மக்கள்தொகையில் பெரும்பான்மையினர் ஆப்பிரிக்க வழியினராக இருக்கும் ஒரு நாட்டின் நிலையே இதுதான். ஆகவே கறுப்பு என்பதைத் தோல் நிறத்தின் அளவாகக் கொண்டால் குழப்பமே மிஞ்சும். அது ஒரு குறிப்பிட்ட வரலாற்றுக்கு ஆட்பட்டதையும், அந்த வரலாற்றுக்கு எதிராக ஒன்றுசேர்ந்ததையும் சேர்த்துக் குறிக்கிறது. ஜமைக்காத் தந்தைக்கும் சென்னைத் தாய்க்கும் பிறந்த ஒருவர் இரண்டையும் தமது என்று சொல்வதில் முரண் ஏதுமில்லை.

தாத்தாவுக்கு நினைவு வராத பெயர்

பிராண்டின் எழுத்து முழுவதற்கும் அடித்தளமான ஒரு நிகழ்வை, 2001இல் வெளிவந்த 'எ மேப் டு த டோர் ஆஃப் நோ ரிட்டர்ன்' என்ற கட்டுரை நூலின் தொடக்கத்தில் அவர் சொல்கிறார். நாம் ஆப்பிரிக்காவில் எந்த மக்களிடமிருந்து வந்தோம் என்று பதின்மூன்று வயதில் அவர் தம் தாத்தாவிடம் கேட்கிறார். தாத்தாவுக்கு அது தெரியும். ஆனால் பெயர் நினைவுக்கு வரவில்லை. காதில் விழுந்தால் அடையாளம் கண்டுகொள்வேன் என்கிறார். சிறுமி தனக்குத் தெரிந்த பெயர்களையெல்லாம் ஒவ்வொன்றாகச் சொல்லிப் பார்க்கிறாள். எல்லாவற்றுக்கும் இல்லை என்பதே பதில். அந்தப் பெயர் கடைசிவரை வரவில்லை. இருவருக்கும் இடையே ஓர் ஏமாற்றம் படிந்துவிடுகிறது.

நூலின் தலைப்பில் உள்ள மீளா வாசல், மேற்கு ஆப்பிரிக்கக் கரையோரம் இன்றும் நிற்கும் அடிமைக் கோட்டைகளின் கடல் நோக்கிய வாசல். செனகலின் கோரே தீவிலும் கானாவின் எல்மினா, கேப் கோஸ்ட் கோட்டைகளிலும் பயணிகள் இன்று அதைப் பார்க்கலாம். பிராண்டைப் பொறுத்தவரை அது ஒரு கட்டடம் மட்டும் இல்லை. ஒரு குடும்பத்தின் நினைவு எந்த இடத்தோடு அறுந்துபோகிறதோ, அதற்கு அப்பால் போக முடியாத எல்லைக்கு அவர் இட்ட பெயர் அது. அந்த வாசலுக்கு முன்னால் ஊர் இருந்தது, பெயர்கள் இருந்தன. அதைக் கடந்தவர்களின் பேரப்பிள்ளைகளுக்கு வாசலே தொடக்கம்.

இந்த இழப்பின் அளவை உணர, அதே டிரினிடாடுக்குப் போன இந்தியர்களோடு வைத்துப் பார்ப்பது உதவும். 1834இல் பிரிட்டிஷ் பேரரசில் அடிமை முறை சட்டப்படி ஒழிக்கப்பட்டு, விடுதலையானவர்கள் பழைய உரிமையாளருக்கே உழைக்க வேண்டியிருந்த 'பயிற்சிக் காலம்' 1838இல் முடிந்த பிறகு, கரும்புத் தோட்டங்களுக்கு ஆள் தேவைப்பட்டது. 1845 முதல் 1917 வரை சுமார் 1,43,000 இந்தியர்கள் ஒப்பந்தக் கூலிகளாக டிரினிடாடுக்குக் கொண்டுவரப்பட்டார்கள். பெரும்பாலோர் கல்கத்தா வழியாகவும், ஒரு பகுதியினர் சென்னைத் துறைமுகம் வழியாகவும் கப்பலேறினார்கள். அந்த வாழ்க்கையும் கொடுமையானதுதான். ஆனால் அவர்கள் ஒவ்வொருவருக்கும் ஒரு குடியேற்றச் சீட்டு எழுதப்பட்டது. பெயர், தந்தை பெயர், வயது, சாதி, மாவட்டம், கிராமம் எல்லாம் அதில் உண்டு. அந்தச் சீட்டை ஆவணக் காப்பகத்தில் தேடி எடுத்து, தம் முன்னோரின் கிராமத்துக்கே போய்ச் சேர்ந்த டிரினிடாடியர்கள் இருக்கிறார்கள்.

அடிமைகளுக்கான பதிவேடுகளும் இருந்தன. டிரினிடாடிலேயே 1813இல் ஒன்று தொடங்கப்பட்டது. ஆனால் அது உடைமையின் கணக்கு. உரிமையாளர் இட்ட பெயர், உயரம், வயது, உடலில் உள்ள அடையாளம், சில வேளைகளில் எந்த மக்களைச் சேர்ந்தவர் என்ற தோராயமான குறிப்பு, இவ்வளவே இருக்கும். பிறந்த ஊர் எது என்று கேட்க வேண்டிய தேவை அதை எழுதியவர்களுக்கு இருக்கவில்லை. ஒரே தீவில், ஒரே கரும்புக் காட்டில் உழைத்த இரண்டு கூட்டத்தாருக்கு, திரும்பிப் பார்ப்பதற்கான வழி இவ்வளவு வேறுபட்டிருந்தது. பிராண்டை வாசிக்கும்போது மனத்தில் முதலில் நிறுத்த வேண்டியது இந்த வேறுபாட்டைத்தான்.

கனடா யாரை உள்ளே விட்டது

அமெரிக்காவிலிருந்து தப்பி வந்த அடிமைகளுக்குப் புகலிடம் தந்த நாடு என்ற நற்பெயர் கனடாவுக்கு உண்டு. அது பொய் இல்லை, ஆனால் பாதிக் கதை. 1783இல் அமெரிக்க விடுதலைப் போருக்குப் பின், பிரிட்டன் பக்கம் நின்ற சுமார் 3,000 கறுப்பின மக்கள் கனடாவின் கிழக்குக் கரையில் உள்ள நோவா ஸ்கோஷியாவில் குடியேறினார்கள். வாக்களிக்கப்பட்ட நிலம் பலருக்குக் கிடைக்கவே இல்லை. 1792இல் அவர்களில் ஏறத்தாழ 1,200 பேர் சலித்துப்போய்க் கப்பலேறி ஆப்பிரிக்காவின் சியரா லியோனுக்குச் சென்றுவிட்டார்கள்.

சட்டத்தின் பாதை இப்படிப் போனது:

1. 1910 குடியேற்றச் சட்டம், கனடாவின் தட்பவெப்பத்துக்கு ஏற்றதல்ல என்று கருதப்படும் எந்த இனத்தையும் தடுக்க அரசுக்கு அதிகாரம் தந்தது. 1911 ஆகஸ்டில், கறுப்பினத்தவர் குடியேறுவதை ஓராண்டுக்குத் தடை செய்யும் ஆணையை அமைச்சரவை நிறைவேற்றியது. அது நடைமுறைக்கு வராமலே சில வாரங்களில் திரும்பப் பெறப்பட்டது. ஆனால் அதிகாரிகள் வேறு வழிகளில் அதே பலனைப் பெற்றார்கள்.

2. 1955இல் ஜமைக்கா, பார்படோஸ் பெண்களுக்கான வீட்டுவேலைத் திட்டம் தொடங்கியது. திருமணமாகாத, பிள்ளைகளற்ற இளம்பெண்கள் ஓராண்டு வீட்டுவேலை செய்தால் நிரந்தர வசிப்புரிமை கிடைக்கும். ஆசிரியைகளும் எழுத்தர்களும்கூட இந்த ஒரே கதவு வழியாக, வேலைக்காரிகளாக நுழைந்தார்கள்.

3. 1962இல் இன அடிப்படையிலான தேர்வு விதிகளில் பெரும்பகுதி நீக்கப்பட்டது. 1967இல் கல்வி, மொழி, தொழில் ஆகியவற்றுக்கு மதிப்பெண் தரும் புள்ளிமுறை வந்தது. 100க்கு 50 எடுத்தவர் நுழையலாம்.

பிராண்ட் வந்தது புள்ளிமுறை வந்து மூன்றாண்டு கழித்து. அவருக்கு முன்னால் வீட்டுவேலைக்கு வந்த பெண்களின் தலைமுறை டொரொன்டோவில் ஏற்கெனவே இருந்தது. கறுப்பின உரிமை இயக்கமும் சூடாக இருந்தது. டொரொன்டோ பல்கலைக்கழகத்தில் ஆங்கிலமும் தத்துவமும் படித்தபடி அவர் அந்த இயக்கத்தில் இறங்கினார். இயக்க வேலையும் எழுத்தும் அவரிடம் ஒருபோதும் தனித்தனியாக இருந்ததில்லை.

1971இல் கனடா பல்பண்பாட்டுக் கொள்கையை அறிவித்தது. 1988இல் அது சட்டமானது. ஒவ்வொருவரும் தம் மரபைக் காத்துக்கொண்டே கனடியராக இருக்கலாம் என்பது அதன் சாரம். நல்ல நோக்கம்தான். ஆனால் வருபவர் ஒவ்வொருவரும் தெளிவான ஒரு பூர்வீகத்தோடு வருகிறார் என்று அது முன்கூட்டியே கொள்கிறது. மீளா வாசலைக் கடந்தவர்களின் வழிவந்தவர், படிவத்தில் பூர்வீகம் கேட்கும் கட்டத்தில் எதை எழுதுவது? இன்னொரு பக்கம், 1783 முதல் அங்கேயே இருக்கும் கறுப்பினக் குடும்பத்தாரிடமும், நீங்கள் எங்கிருந்து வந்தவர்கள் என்று இன்றும் கேட்கப்படுகிறது. 2021 கணக்கெடுப்பின்படி கனடாவில் கறுப்பினத்தவர் சுமார் 15 லட்சம், மக்கள்தொகையில் 4.3 விழுக்காடு. பழைய நோவா ஸ்கோஷியர், கரீபியர், அண்மையில் வந்த நைஜீரியர், சோமாலியர், எத்தியோப்பியர் எல்லோரும் இந்த ஒரே எண்ணுக்குள் இருக்கிறார்கள்.

ஏன் இத்தனை வடிவங்கள்

பல துறைகளில் இயங்குவதைத் திறமையின் அடையாளமாகப் புகழ்ந்துவிட்டுக் கடந்துபோவது வழக்கம். பிராண்டின் விஷயத்தில் அதற்கு ஒரு தேவை இருக்கிறது: ஆவணம் இல்லாத வரலாற்றை ஒரே வடிவத்தால் எழுத முடிவதில்லை. ஒவ்வொரு வடிவமும் மற்றொன்றால் முடியாததைச் செய்கிறது.

1. வாய்மொழி வரலாறு. 1991இல் வந்த 'நோ பர்டன் டு கேரி' என்ற நூல், 1920களிலிருந்து 1950கள் வரை, டொரொன்டோ அமைந்துள்ள ஒன்டாரியோ மாகாணத்தில் உழைத்த கறுப்பினப் பெண்களின் வாழ்க்கையை அவர்கள் வாய்ச்சொல்லாகவே தருகிறது. வீட்டுவேலை தவிர வேறெதுவும் கிடைக்காதிருந்த அவர்களுக்கு, இரண்டாம் உலகப் போரின்போது தொழிற்சாலைகளின் கதவு திறந்தது. அவர்கள் பேசியிராவிட்டால் அந்த வாழ்க்கைக்குச் சான்றே இருந்திருக்காது. இதற்கு முன்பே, 1986இல், இலங்கைப் பின்னணி கொண்ட கவிஞர் கிருஷாந்த ஸ்ரீ பாக்கியதத்தவுடன் சேர்ந்து டொரொன்டோ மக்களின் இனவெறி அனுபவங்களைத் தொகுத்த நூலொன்றையும் அவர் வெளியிட்டார்.

2. ஆவணப்படம். கனடியத் தேசியத் திரைப்பட வாரியத்தின் பெண்கள் பிரிவுக்காக 1991இல் ஜின்னி ஸ்டைக்மனுடன் இணைந்து 'சிஸ்டர்ஸ் இன் த ஸ்ட்ரகிள்' என்ற படத்தை இயக்கினார். களத்தில் போராடும் பெண்களின் முகமும் குரலும் அதில் பதிவாயின.

3. நாவல். 1999இல் வந்த 'அட் த ஃபுல் அண்ட் சேஞ்ச் ஆஃப் த மூன்' 1824இன் டிரினிடாடில் தொடங்குகிறது. மாரி உர்சுல் என்ற அடிமைப் பெண் தோட்டத்து அடிமைகளின் கூட்டுத் தற்கொலைக்குத் தலைமை தாங்குகிறாள். தன் சின்ன மகள் போலாவை மட்டும் தப்புவிக்கிறாள். போலாவின் வழிவந்தவர்கள் கரீபியத் தீவுகளிலும் வட அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் சிதறுகிறார்கள். ஒருவரை ஒருவர் அறியாமலே அந்த முதல் நாளின் பாரத்தைச் சுமக்கிறார்கள். பதிவேடு தராத வம்சாவளியைக் கற்பனை இங்கே எழுதிக்காட்டுகிறது.

4. நெடுங்கவிதை. இந்த வடிவத்தில்தான் அவர் உச்சத்தைத் தொடுகிறார். 1979 ஆகஸ்டில் ஜமைக்காவிலிருந்து குடியேறிய ஆல்பர்ட் ஜான்சன் என்பவர் டொரொன்டோவில் தம் வீட்டிலேயே காவல்துறையினரால் சுட்டுக் கொல்லப்பட்டார். குற்றம் சாட்டப்பட்ட காவலர்கள் இருவரும் விடுதலையானார்கள். அந்தக் கொலையின் நினைவில் எழுந்தது 2002இல் வந்த 'தர்ஸ்டி'. கவிதையில் கொல்லப்படுபவர் ஆலன். அவர் வாயிலிருந்து வரும் கடைசிச் சொல் தாகத்தைப் பற்றியது. நீதிமன்றம் யார் குற்றவாளி என்று மட்டும் கேட்டுவிட்டு ஓய்ந்தது. கவிதை அவர் மனைவி, தாய், மகள் ஆகியோரின் பின்னாட்களையும், எதுவும் நடக்காததுபோல் விடிகிற நகரத்தையும் தொடர்ந்து பார்க்கிறது. நீதி கிடைக்காத ஒரு சாவுக்குப் பிறகு ஒரு வீட்டில் காலம் எப்படி நகர்கிறது என்பதை இவ்வளவு பொறுமையோடு எழுதிய கவிதைகள் குறைவு.

5. கட்டுரை. மீளா வாசல் நூலில் பழைய நிலப்படங்கள், மாலுமிகளின் குறிப்புகள், விமானப் பயணங்கள், சிறுவயது நினைவுகள் எல்லாம் துண்டு துண்டாக அடுத்தடுத்து வருகின்றன. அவை தொடர்கதையாகச் சேர்வதில்லை. பொருளே அறுபட்டது என்பதால் வடிவமும் அறுபட்டிருக்கிறது. வாசகர் இடையில் சோர்வடைவது இயல்பு.

திரும்பிப் போதல் ஏன் தீர்வாகவில்லை

ஊர் திரும்பினால் எல்லாம் சரியாகும் என்ற நம்பிக்கையையும் அவர் சோதித்துப் பார்த்தவர். 1979 மார்ச்சில் கிரெனடா தீவில் மாரிஸ் பிஷப் தலைமையில் புரட்சி அரசு அமைந்தது. கரீபிய இளைஞர்கள் பலருக்கு அது பெரிய நம்பிக்கை. 1983இல் பிராண்டும் அங்கே போய் ஊரக மேம்பாட்டு நிறுவனமொன்றில் பணியாற்றினார். அந்த ஆண்டு அக்டோபர் 19ஆம் நாள் பிஷப் கொல்லப்பட்டார். ஆறாம் நாள், அக்டோபர் 25இல், அமெரிக்கப் படை தீவில் இறங்கியது. பிராண்ட் அங்கிருந்து வெளியேற்றப்பட்டார். 1984இல் வந்த கவிதைத் தொகுப்பும், 1996இல் வந்த 'இன் அனதர் பிளேஸ், நாட் ஹியர்' நாவலும் இந்த முறிவிலிருந்து வந்தவை.

அவர் தேடிப்போனது பிறந்த ஊரையோ இரத்த உறவையோ அல்ல என்பது இங்கே முக்கியம். சேர்ந்து ஒன்றைக் கட்டுவதால் உண்டாகும் சொந்தம் சாத்தியமா என்று பார்க்கவே போனார். அதுவும் துப்பாக்கியால் முடித்துவைக்கப்பட்டது. தன்பால் ஈர்ப்புடைய பெண்ணாக வெளிப்படையாக வாழ்பவர் என்பதால், தாய்மண் என்ற சொல்லும் இனத்தின் ஒற்றுமை என்ற முழக்கமும் தம்மைப் போன்றவர்களை எளிதில் வெளியே நிறுத்திவிடும் என்பதையும் அவர் அறிந்திருந்தார். மண்ணின் மைந்தர்கள் என்று தொடங்கும் எந்தக் கதையும், யார் மைந்தர் அல்லர் என்ற பட்டியலோடுதான் முடிகிறது. கனடாவின் தேசியக் கதையும் அப்படித்தான். அது பூர்வகுடிகளிடமிருந்து பறித்த நிலத்தின் மேல் எழுதப்பட்டது. ஆகவே அந்தக் கதைக்குள் தமக்கும் ஓர் இடம் கொடுங்கள் என்று கேட்பதை அவர் நோக்கமாகக் கொள்ளவில்லை. கனடாவின் முக்கிய இலக்கிய விருதான கவர்னர் ஜெனரல் விருது பெற்ற 1997ஆம் ஆண்டுக் கவிதைத் தொகுப்பான 'லேண்ட் டு லைட் ஆன்', காலூன்ற நிலம் வேண்டும் என்ற ஆசையையே கைவிடுவதைப் பற்றிப் பேசுகிறது.

இது விரக்தி என்று சிலர் வாசிக்கிறார்கள். அந்த வாசிப்பு போதாது என்பதற்கு 2005இல் வந்த 'வாட் வீ ஆல் லாங் ஃபார்' நாவல் சான்று. டொரொன்டோவில் வளர்ந்த நான்கு இளைஞர்கள் அதன் மையம். துயென் வியட்நாமியக் குடும்பத்துப் பெண். ஓக்குவின் பெற்றோர் ஜமைக்காவிலிருந்து வந்தவர்கள். ஜாக்கியின் பெற்றோர் நோவா ஸ்கோஷியாவின் கறுப்பின மக்கள். கார்லாவின் தாய் இத்தாலிய வழியினர், தந்தை ஜமைக்கர். துயெனின் தந்தை பொறியாளர், தாய் மருத்துவர். கனடாவில் அந்தப் படிப்புகள் செல்லாமல் போய், அவர்கள் உணவகம் நடத்துகிறார்கள். படகில் தப்பி வந்தபோது தொலைந்துபோன மூத்த மகனை நினைத்து வீடே உறைந்திருக்கிறது. பிள்ளைகளுக்கு அந்த இழந்த நாடு தெரியாது. பெற்றோர் சொல்லும் நாட்டுக்கும், தங்களை முழுதாக ஏற்காத நாட்டுக்கும் நடுவே அவர்கள் தெருக்களில், நட்பில், ஓவியத்தில் ஓர் இடத்தை உண்டாக்கிக்கொள்கிறார்கள். 1983க்குப் பின் டொரொன்டோ சென்ற ஈழத்தமிழ்க் குடும்பங்களின் வீட்டுக்குள்ளும் இதே அமைப்பு இருப்பதை அந்த நகரத் தமிழர்கள் உடனே அடையாளம் காண்பார்கள்.

தமிழ் வாசகர் வழுக்கக்கூடிய இடங்கள்

ஈழத்துப் புலம்பெயர் இலக்கியத்தை வாசித்துப் பழகிய கண்ணுக்கு, பிராண்டின் உலகம் தெரிந்த ஒன்றாகத் தோன்றும். அந்த நெருக்கமே சில தவறான வாசிப்புகளுக்கு வழி வைக்கிறது.

1. ஊர் ஏக்கமாக வாசிப்பது. நம் புலம்பெயர் எழுத்தில் இழந்த ஊருக்குப் பெயர் உண்டு. அதன் கிணறும் கோயிலும் ஒழுங்கையும் நினைவில் இருக்கின்றன. பிராண்டின் தாத்தாவிடம் இருந்தது மறதி மட்டுமே. டிரினிடாடின் கடலை அவர் மிகுந்த காதலோடு எழுதுகிறார். ஆனால் அதுவும் முன்னோர் கொண்டுவந்து இறக்கப்பட்ட இடம் என்பதை மறப்பதில்லை.

2. விருதுகளை, கனடா அவரை முழுதாக ஏற்றுக்கொண்டுவிட்டதன் சான்றாகக் கொள்வது. 2009 முதல் 2012 வரை டொரொன்டோ நகரத்தின் அரசவைக் கவிஞர் அவர்தான். 2011இல் கிரிஃபின் கவிதைப் பரிசும் பெற்றார். ஒரு நகரம் ஒரு கவிஞரைப் பாராட்டுவதும், அவர் எழுதிய மனிதர்களை அதே நகரத்தின் காவல்துறை நடத்தும் விதமும் தனித்தனி விஷயங்கள். அவருடைய கவிதைகள் இரண்டாவதைப் பற்றியவை.

3. நம் துயரத்தோடு சமப்படுத்திவிடுவது. ஒப்பந்தக் கூலிகளாகவும் போருக்குத் தப்பிய அகதிகளாகவும் கடல் கடந்த வரலாறு தமிழர்களுக்கு உண்டு. அதனால் ஒரு தோழமை இயல்பாகவே எழும். ஆனால் டொரொன்டோவில் ஒரு தமிழரும் ஒரு கறுப்பினத்தவரும் ஒரே அரசுப் படிவத்தில் ஒரே சிறுபான்மைத் தொகுதிக்குள் வந்தாலும், தெருவில் ஒரு காவலரின் முன் அவர்கள் நிற்கும் நிலை ஒன்றாக இருப்பதில்லை. நம் சமூகத்துக்குள்ளேயே கறுப்பு நிறத்தின் மீதும் கறுப்பின மக்கள் மீதும் இருக்கும் இளக்காரத்தையும் இந்த வாசிப்பில் ஒளித்துவைக்க முடியாது.

தொடங்க விரும்புபவர்களுக்கு 2005ஆம் ஆண்டு நாவலே எளிய வழி. கதை ஓட்டமும் நகரமும் கைப்பிடித்து அழைத்துச் செல்லும். அடுத்து மீளா வாசல் நூலின் முதல் சில பகுதிகள், பிறகு 'தர்ஸ்டி'. கவிஞருக்கும், அவர் வெளியிடாமல் விட்ட பக்கங்களைக் காக்கும் எழுத்தருக்கும் இடையே நடக்கும் உரையாடலாக 2018இல் வந்த 'த புளூ கிளார்க்' கடினமானது. எதைச் சொல்லாமல் விட்டோம் என்று ஓர் எழுத்தாளர் தம்மையே விசாரிக்கும் அந்த நூலை, மற்றவற்றை வாசித்த பிறகு எடுப்பது நல்லது.